கரம்பன் குகதாசனின் கைமணி

அது மணி, பிள்ளை. பயப்பிடாதேங்கோ. என்ர பைக்குள்ளை ஒரு கைமணி கிடக்குது, பேருந்து குலுங்க அதுவும் குலுங்குது. அங்காலை இருக்கிற வெள்ளைக்கார மனுசி திரும்பித் திரும்பிப் பாக்கிறா, ஏதோ நான் பைக்குள்ளை ஆட்டுக்குட்டி கொண்டுபோற மாதிரி.

நீங்கள் தமிழ் எண்டு எப்பிடிக் கண்டுபிடிச்சன் எண்டோ? தொலைபேசியிலை கதைச்சனீங்கள் எல்லே. நான் ஒட்டுக்கேக்கேல்லை, காதிலை விழுந்தது. தமிழ்நாடு, என்ன? "டென்ஷன் ஆகாதம்மா, ரீச் ஆனதும் கால் பண்றேன்" எண்டு தாயாருக்குச் சொன்னனீங்கள். என்ர கை தன்ர பாட்டிலை மணிக்குப் போயிட்டுது. பழக்கதோசம். குறை நினைக்காதேங்கோ.

நீங்கள் இஞ்சை புதுசு, அதாலை என்ர குரல் உங்களுக்குத் தெரியாது. இந்த ஸ்காபரோவிலை எந்தத் தமிழ்க் கடைக்குள்ளை போய் "ஒரு கட்டு வல்லாரை தாங்கோ" எண்டு நான் வாய் திறந்தாலும் நாலு பேர் திரும்பிப் பாப்பினம். கரம்பன் குகதாசன். கரம்பன் என்ர ஊர், தீவுப்பக்கம். குகதாசன் நான். ரெண்டையும் சேத்துச் சொன்னால்தான் சனத்துக்கு ஆளைத் தெரியும்.

நாங்கள் வந்த காலத்திலை இஞ்சை எங்களுக்கெண்டு ஒரு வானொலி இல்லை. ஒவ்வொரு நாட்டுச் சனத்துக்கும் அரை அரை மணித்தியாலமாப் பிரிச்சுக் குடுக்கிற நிலையம் ஒண்டு இருந்தது. அதிலை சனிக்கிழமை விடியப்புறம் ஒரு அரை மணித்தியாலம் எனக்கு. கிழமை முழுக்கக் கதிரை, நீங்கள் சொல்லுற நாற்காலி, செய்யிற தொழிற்சாலையிலை கதிரைக்குக் கால் பூட்டுவன். சனிக்கிழமை விடிஞ்சால் நான் ராசா. ஒலிவாங்கிக்கு முன்னாலை இருந்து, "வணக்கம், கரம்பன் குகதாசன் பேசுறன். உங்கட வீட்டிலை தமிழ் எழும்பிட்டுதோ?" எண்டு கேப்பன். சனம் வீட்டிலை இருந்து "எழும்பிட்டுது" எண்டு கத்துவினமாம். உண்மையாத்தான். பனிக்குள்ளை போய் அலுவலகங்கள் கூட்டித் துடைக்கிற ஒரு அம்மா தொலைபேசி எடுத்துச் சொன்னா, "தம்பி, கிழமைக்கு ஒருக்கா உன்ர குரலைக் கேட்டால்தான் நான் ஆர் எண்டு எனக்கே ஞாபகம் வருது" எண்டு. அதுக்கு மேலை ஒரு மனுசனுக்கு என்ன வேணும், சொல்லுங்கோ.

என்ர மகள் நிறைமதியும் சின்னப்பிள்ளையா இருக்கேக்கை, போர்வைக்குள்ளை இருந்துகொண்டு "எழும்பிட்டுது அப்பா" எண்டு வானொலிப் பெட்டிக்குச் சொல்லுவாளாம். என்ர மனுசி, அவளின்ர தாய், சொன்னவ. நான் கேட்டதில்லை. நான்தானே நிலையத்திலை.

எனக்கு அடுத்த அரை மணித்தியாலம் பெரான் எண்டு ஒரு மனுசன். காட்டலான் மொழிக்காரன். ஸ்பெயினுக்குள்ளை, பார்சலோனாப் பக்கம், அவையின்ர மொழி வேறை. அவன் சின்னப்பிள்ளையா இருக்கேக்கை பள்ளிக்கூடத்திலை அந்த மொழி கதைச்சதுக்கு அடி வாங்கினவனாம். அதைக் கேட்ட உடனை நான் அவன்ர கையைப் பிடிச்சிட்டன். ரெண்டு பேரும் உடைஞ்ச ஆங்கிலத்திலைதான் கதைப்பம், வேறை என்ன செய்யிறது. அவன்ர நிகழ்ச்சியை இந்த நகரத்திலை எத்தினை பேர் கேட்டினமோ கடவுளுக்குத்தான் தெரியும். ஒருக்கால் நேயர்களுக்குப் போட்டி வைச்சான். ஒரு குருவியும் தொலைபேசி எடுக்கேல்லை. பரிசை எனக்குத் தந்திட்டான்.

சித்திரையிலை அவைக்கு ஒரு நாள் இருக்கு. அண்டைக்கு ஆளுக்காள் புத்தகமும் ரோசாப்பூவும் குடுப்பினம். வருசா வருசம் எனக்குத் தன்ர மொழியிலை ஒரு புத்தகமும், என்ர மனுசிக்கெண்டு ஒரு ரோசாப்பூவும் தருவான். புத்தகத்திலை எனக்கு ஒரு சொல்லும் விளங்காது. மனுசி அந்தப் பூவைப் போத்தில் தண்ணிக்குள்ளை வைச்சு, காய்ஞ்ச பிறகும் எறிய விடமாட்டா. வாற போற ஆக்களுக்கெல்லாம் "இவரின்ர சிநேகிதர் எனக்குத் தந்தது" எண்டு காட்டுவா. அவவுக்குப் பூவிலை அப்பிடி ஒரு விருப்பம் எண்டு எனக்குப் பேந்துதான் தெரியும்.

சரி, மணிக்கு வாறன். நீங்கள் அதைத்தானே கேட்டனீங்கள்.

எங்கட சனம் பெருகி, எங்களுக்கெண்டு ஒரு முழுநேர வானொலி வந்தது. அங்கை என்ர நிகழ்ச்சி 'பிஞ்சுத் தமிழ்'. சின்னப்பிள்ளையள் வந்து ஒலிவாங்கியிலை கதைக்கோணும். காலமை என்ன சாப்பிட்டனீங்கள், பள்ளிக்கூடத்திலை ஆர் சிநேகிதம், அப்பிடி. ஆங்கிலச் சொல் ஒண்டு வந்தால் நான் மணி அடிப்பன். டிங். அவ்வளவுதான். ஏச்சில்லை, பேச்சில்லை. சனத்துக்கு எவ்வளவு பிடிச்சுது எண்டு நினைக்கிறியள்? கலியாண வீட்டுக்குப் போனால், "மணியண்ணை வாறார், வாயைக் கவனம்" எண்டு சிரிப்பினம். தாய் தேப்பன்மார் வரிசையிலை நிண்டு பிள்ளையளைக் கொண்டுவருவினம். சில பிள்ளையள் வாசல் மட்டும் வந்திட்டு உள்ளை வரமாட்டன் எண்டு கதவு நிலையைப் பிடிச்சுக்கொண்டு நிக்கும். வளப்பு சரியில்லை.

பெரானைப் பாக்கப் பழைய நிலையத்துக்கு ஒருநாள் போனன். அவன் தன்ர பேரனை ஒலிவாங்கிக்கு முன்னாலை இருத்தி வைச்சிருக்கிறான். அந்தக் குஞ்சு அரைவாசி காட்டலான், அரைவாசி ஆங்கிலம், கண்டபடி கலந்து அலம்புது. இவன் வயித்தைப் பிடிச்சுக்கொண்டு சிரிக்கிறான். முடிஞ்சாப் பிறகு நான் சொன்னன், "பெரான், நீயும் ஒரு மணி வாங்கி வை, நல்லாத் திருந்துவான்" எண்டு. அவன் என்ர தோளிலை தட்டிப்போட்டுச் சொல்லுறான், "மணி அடிச்சால் பிள்ளை பள்ளிக்கூடம் விட்டுது எண்டு ஓடிப்போயிடும், குகா" எண்டு. எல்லாத்தையும் விளையாட்டாத்தான் எடுக்கிறவன். போன வருசம் அவனும் மோசம் போயிட்டான். எங்கட பக்கத்திலை செத்ததை அப்பிடித்தான் சொல்லுறது. இப்ப அந்த அரை மணித்தியாலத்தை அந்தப் பேரன் செய்யிறானாம். இப்பவும் கலந்துதான் கதைக்கிறான். கேட்டன் ஒருநாள். பெரானிட்டை மணி இல்லாததாலை வந்த வினை.

என்ர பேத்திக்கு அப்ப அஞ்சு வயது. பெயரோ? நான் தெரிஞ்செடுத்த பெயர் யாழ்நங்கை. தாயும் தேப்பனும் வைச்சது வேறை. அது என்ர வாயிலை வராது, விடுங்கோ. நிறைமதி அண்டைக்கே மாட்டன் எண்டுதான் நிண்டவள். "அப்பா, அவள் கூச்சப்படுவாள், வேண்டாம்" எண்டு. நான் விடுவனோ? ஊரான் பிள்ளையள் எல்லாம் வந்து கதைக்க, குகதாசன்ர பேத்தி வரேல்லை எண்டால் சனம் என்ன சொல்லும்?

வடிவா வந்தவள், பிள்ளை. பட்டுப்பாவாடை கட்டி, ரெட்டைப் பின்னல் போட்டு. மனுசிதான் உடுப்பாட்டி விட்டவ. பக்கத்திலை இருத்தி, "காலமை என்ன சாப்பிட்டனீங்கள்?" எண்டு கேட்டன். "சீரியல்" எண்டாள். டிங். சிரிச்சாள், விளையாட்டு எண்டு நினைச்சு. "மில்க்" எண்டாள். டிங். சிரிப்பு நிண்டுட்டுது. "ஆர் உங்கட சிநேகிதம்?" எண்டன். "எமிலி" எண்டாள். நான் பெயருக்கு அடிக்கிறதில்லை, அது கணக்கில்லை. "எமிலி மை பெஸ்ட் பிரென்ட்" எண்டாள். அதுக்கு மூண்டு. உடனை உதடு பிதுங்கிட்டுது. கண்ணாடிக்கு அங்காலை நிண்ட தாயைப் பாத்து, "ஐ வோன்ட் அம்மா" எண்டாள். 'ஐ'க்கு ஒண்டு அடிச்சன், 'வோன்ட்'டுக்கு ஒண்டு அடிச்சன். 'அம்மா'வுக்கு அடிக்கேல்லை. அது தமிழ். அந்த நேரத்திலையும் நான் நியாயம் தவறேல்லை, பாருங்கோ.

அவள் இருந்த கதிரை நனைஞ்சது எனக்குப் பேந்துதான் தெரியும்.

சிவப்பு விளக்கு எரியேக்கை உள்ளை வரக்கூடாது எண்டு நிறைமதிக்குத் தெரியும். வானொலிக்காரன்ர மகள். இருந்தும் கதவைத் தள்ளிக்கொண்டு வந்து பிள்ளையைத் தூக்கிக்கொண்டு போயிட்டாள். என்னை ஒரு பார்வை பாத்தாள். நான் ஒரு பாட்டைப் போட்டுச் சமாளிச்சன். நேயர்கள் எடுத்து எடுத்துப் பாராட்டினவை, "சொந்தப் பேத்தி எண்டும் பாக்கேல்லை, அதுதான் குகதாசன்" எண்டு. இவள் பிறகு வீட்டை வந்து சொல்லுறாள், "அப்பா, அவள் இப்ப தமிழிலை வாயே திறக்கிறாள் இல்லை. என்னோடையும் இல்லை" எண்டு. நான் சொன்னன், கொஞ்சம் பயம் இருந்தால்தான் நாக்குத் திருந்தும், பொறு எண்டு. பொறுக்கிறதுக்கு அவள் நிக்கேல்லை. போயிட்டாள்.

அதுக்குப் பிறகு தொலைபேசி எடுத்தால் பேத்தியை வாங்கச் சொல்லிக் கேப்பன். வாங்குவாள். மூச்சுச் சத்தம் கேக்கும். நான், "வணக்கம் சொல்லுங்கோ, அம்மப்பாவுக்கு வணக்கம் சொல்லுங்கோ" எண்டுகொண்டே இருப்பன். மூச்சு மட்டும்தான். பிறகு அதுவும் இல்லை.

ரெண்டு மாரிக்கு முன்னம் மனுசி போயிட்டா. மரண அறிவித்தலை நானேதான் வானொலியிலை வாசிச்சன். ஆரின்ர மகள், ஆரின்ர மனைவி, ஆரின்ர தாய், ஆரின்ர அம்மம்மா, எல்லாம் ஒரு பிசகில்லாமல். குரல் தளம்பேல்லை எண்டு சனம் இண்டைக்கும் சொல்லும். பெரான் அப்ப உயிரோடை. செத்தவீட்டுக்கு ஒரு ரோசாப்பூவோடை வந்து, பெட்டிக்குள்ளை வைச்சிட்டு நிண்டு அழுதான். நான் அழேல்லை. எல்லாரும் என்னைப் பாத்துக்கொண்டு நிக்கேக்கை எப்பிடி அழுறது?

பிறகு வானொலியிலை புது ஆக்கள் வந்தினம். "ஐயா, இளம் ஆக்கள் கேக்கினம் இல்லை" எண்டு 'பிஞ்சுத் தமிழை' நிப்பாட்டிப்போட்டினம். எனக்கு மரண அறிவித்தல் மட்டும். உங்கட குரல் அதுக்குத்தான் பொருத்தம் எண்டினம். இப்ப என்னைக் கலியாண வீட்டுக்கு ஒருத்தரும் கூப்பிடுறதில்லை. ஆருக்கும் தொலைபேசி எடுத்து "வணக்கம்" எண்டால், அங்காலை "ஐயோ, ஆர்?" எண்டுதான் முதல் கேள்வி. சும்மா சுகம் விசாரிக்க எடுத்தனான் எண்டு சொன்னால் நம்புகினமில்லை.

இண்டைக்குக் காலமை நடந்ததைக் கேளுங்கோ. இஞ்சை இன்னொரு வானொலி இருக்கு. நான் அதைக் கேக்கிறதில்லை, தமிழ் கேட்டால் காது புண்ணாகும். சும்மா திருப்பேக்கை விழுந்தது. பிறந்தநாள் வாழ்த்து. என்ர பேத்திக்கு எட்டு வயது. ஒரு பெட்டை "ஹாப்பி பர்த்டே" எண்டு தொடங்கி மூச்சு விடாமல் வாசிக்கிறாள். அப்பா, அம்மா வாழ்த்துகினம். பக்கத்து ஊர் அஜாக்ஸிலை இருக்கிற அப்பப்பா, அப்பம்மா வாழ்த்துகினம். லண்டன் பெரியப்பா, நோர்வே மாமி. வானுலகத்திலை இருந்து அம்மம்மா வாழ்த்துறாவாம். வானுலகத்திலை இருந்து! பிறகு ஒரு பாட்டு.

அம்மப்பா இல்லை.

நான் அதுக்குக் கவலைப்படேல்லை. எனக்கு அந்த உச்சரிப்புத்தான் பிடிக்கேல்லை. வாழ்த்தை வாள்த்து எண்டு வாசிக்கிறாள். அதைச் சொல்லத்தான் உடனை அங்கை தொலைபேசி எடுத்தனான். அந்தப் பெட்டை என்ர குரலைக் கேட்ட உடனை, "ஐயா, ஆர் மோசம் போயிட்டினம்?" எண்டு கேக்கிறாள். ஒருத்தரும் இல்லையம்மா, நீ ஒரு வரி தவற விட்டிட்டாய் போல கிடக்கு, திருப்பிப் பார் எண்டன். நல்ல பிள்ளை, பாத்தாள். "இல்லை ஐயா, வீட்டுக்காரர் தந்ததைத்தான் வாசிச்சனான்" எண்டாள். அவளிலை பிழையில்லை. நாங்களும் தந்ததைத்தானே வாசிக்கிறது.

பரவாயில்லை எண்டு நினைச்சன். பிறந்தநாள் வாழ்த்திலை என்னை விடலாம். என்ர மரண அறிவித்தலிலை என்னை விட ஏலாதே. அதிலை என்ர பெயர்தானே முதல். அதிலை அவளின்ர பெயரும் வந்துதானே ஆகோணும், அம்மப்பா எண்டு போட்டுத்தானே ஆகோணும். அப்பிடி நினைச்சுக்கொண்டு தேத்தண்ணி போட்டன். குடிக்கேல்லை. சப்பாத்தைப் போட்டுக்கொண்டு வெளிக்கிட்டிட்டன்.

எங்கை இறங்கிறன் எண்டோ? இந்தப் பேருந்து ஸ்டீல்ஸ் சந்திக்குப் போக முன்னம் ஒரு தரிப்பு வரும், அதிலை இறங்கி நடந்தால் ரெண்டாவது வீடு மகளின்ர. உண்மையைச் சொன்னால், இண்டைக்கு ரெண்டு தரம் அதைத் தாண்டிட்டன். கடைசி மட்டும் போய், திரும்பி வந்து, மறுபடி ஏறி. பேச்சுப் பராக்கிலை விட்டிட்டன் எண்டு நினையுங்கோ. பேச ஆரும் இருக்கேல்லை, அது வேறை கதை.

ஆ? மணியோ? ஓம், அதுதான் பரிசு. வேறை என்னத்தைக் குடுக்கிறது? இனி அவள் வைச்சிருக்கட்டும். நான் பிழையாக் கதைச்சால் அவள் அடிக்கட்டும். நல்ல விளையாட்டு எல்லே? ஏன் பிள்ளை அப்பிடிப் பாக்கிறியள்? சின்ன மணிதானே. பயப்பிடுவாளோ? நீங்களும் முதல் திடுக்கிட்டனீங்கள்தான், ஓம், பாத்தனான். அப்ப ஒரு வேலை செய்வம். இந்தக் கையுறையை உருட்டி மணிக்குள்ளை அடைஞ்சு விடுவம். இந்தா. இப்ப குலுக்கிப் பாருங்கோ. சத்தம் இல்லை. இது இப்பிடியே என்ர பைக்குள்ளை கிடக்கட்டும். பரிசைப் பிறகு பாப்பம்.

கதவு திறந்தால் என்ன சொல்லுவன் எண்டோ? ஆயத்தமாத்தான் வந்தனான். "பல்லாண்டு வாழ்க என் பேத்தியே, பைந்தமிழாய்ப் பொலிந்து வளர்க" எண்டு தொடங்கி நாலு வரி, நானே கட்டினது. விளங்குமோ?

விளங்காதுதான், என்ன.

எனக்குத் தொழிற்சாலை ஆங்கிலம் வரும், பிள்ளை. தூக்கு, தள்ளு, முடிஞ்சுது, உடம்புக்கு வருத்தம், நாளைக்கு லீவு. பெரானோடை அதை வைச்சுத்தான் வண்டி ஓட்டினனான். சின்னப்பிள்ளையோடை கதைக்கிற ஆங்கிலம் எனக்கு ஒருத்தரும் சொல்லித் தரேல்லை. நீங்கள் படிச்ச பிள்ளை. உன்னைப் பாக்க வேணும் போல கிடக்கு, அதுதான் வந்தனான் எண்டதை எப்பிடிச் சொல்லுறது? கனக்க வேண்டாம், வாசலிலை நிண்டு சொல்ல ஒரு வசனம். மெள்ளச் சொல்லுங்கோ.

"ஐ வோன்ட் டு சீ யூ."

ஐ வோன்ட்.

அது எனக்குத் தெரியும், பிள்ளை. அந்த ரெண்டு சொல்லும் எனக்குத் தெரியும். அதுக்கு ரெண்டு தரம் அடிச்சனான்.

இல்லை, ஒண்டும் இல்லை. பனிக்குளிர், கண்ணிலை தண்ணி வருது. இந்த வருசம் குளிர் கூடத்தான். இருங்கோ, திருப்பிச் சொல்லிப் பாக்கிறன், பிழை விட்டால் சிரிச்சுப்போடாதேங்கோ. ஐ வோன்ட் டு சீ யூ. ஐ வோன்ட் டு சீ யூ, அனிக்கா. ஓம், அனிக்கா, அதுதான் அவளின்ர பெயர். கேக்க வடிவாத்தான் இருக்கு. சொல்லிப் பாக்கேல்லை இதுவரைக்கும்.

உங்கட ஆக்கள் ஆரும் கேட்டால், கரம்பன் குகதாசன் பஸ்ஸுக்குள்ளை இருந்து ஆங்கிலம் பாடமாக்கினவன் எண்டு சொல்லிப்போடாதேங்கோ, என்ன.

அந்தா, பெற்றோல் கடை தெரியுது. அடுத்தது என்ர தரிப்பு. பிள்ளை, பேருந்தை நிப்பாட்டச் சொல்லி மணி அடிக்கிற அந்த மஞ்சள் கயிறு உங்களுக்குக் கிட்டத்தானே. ஒருக்கா இழுத்துவிடுங்கோ. என்ர கை எட்டும், எட்டாமல் இல்லை. எவ்வளவு மணி அடிச்ச கை. இண்டைக்கு எழும்புதில்லை. இழுங்கோ, பிள்ளை, கெதியா, தாண்டப்போறான்.

டிங்.

அடிச்சாச்சு. இனி இறங்கத்தானே வேணும்.